அரசுப் பணி ஆட்சேர்ப்பு முறைகேடுகளும் நீதிமன்ற வழக்குகளும்

அரசுப் பணி ஆட்சேர்ப்பு வழக்குகள் என்பவை, அரசுத் துறைகளும் தேர்வாணையங்களும் ஆள் தேர்வு செய்யும் முறையில் நேர்ந்த தவறுகளை எதிர்த்து நீதிமன்றங்களில் தொடுக்கப்படும் வழக்குகள் ஆகும். அறிவிக்கை வெளியாகும் நாள் முதல் பணி நியமன ஆணை வழங்கப்படும் நாள் வரை எந்தக் கட்டத்திலும் இவ்வழக்குகள் எழலாம். வினாத்தாள் கசிவு, விடைத்தாள் திருத்தம், தவறான விடைக்குறிப்பு, இட ஒதுக்கீட்டுக் குளறுபடி, தரவரிசையை மீறிய நியமனம் ஆகியவை இவற்றின் பொதுவான காரணங்கள்.

இத்தகைய வழக்குகளில் நீதிமன்றத்தின் முன் நிற்கும் கடினமான கேள்வி ஒன்று உண்டு. தேர்வில் முறைகேடு நடந்தது உறுதியானால், தவறு செய்தவர்களை மட்டும் நீக்குவதா, அல்லது தேர்வையே முழுமையாக ரத்து செய்வதா? முதல் வழியில், பிடிபடாதவர்கள் பணியில் தொடரக்கூடும். இரண்டாவது வழியில், நேர்மையாகப் படித்துத் தேறியவர்களும் வேலையை இழப்பார்கள். இக்கேள்விக்கு நீதிமன்றங்கள் எவ்வாறு விடை கண்டுள்ளன என்பதை இந்தியத் தீர்ப்புகளின் வழியாக இக்கட்டுரை விளக்குகிறது.

அரசியலமைப்புச் சட்ட அடிப்படை

இந்திய அரசியலமைப்புச் சட்டத்தின் 14ஆவது பிரிவு, சட்டத்தின் முன் அனைவரும் சமம் என்கிறது. 16ஆவது பிரிவு, அரசுப் பணிகளில் குடிமக்கள் அனைவருக்கும் சம வாய்ப்பு வழங்கப்பட வேண்டும் என்கிறது. அரசு வேலை கிடைத்தே தீர வேண்டும் என்ற உரிமை யாருக்கும் இல்லை. ஆனால், அந்த வேலைக்கு நேர்மையான முறையில் பரிசீலிக்கப்படும் உரிமை தகுதியுள்ள ஒவ்வொருவருக்கும் உண்டு. ஆட்சேர்ப்பு வழக்குகள் அனைத்தும் இந்த வேறுபாட்டின் மீதே நிற்கின்றன.

309ஆவது பிரிவு, பணி விதிகளை உருவாக்கும் அதிகாரத்தைச் சட்டமன்றங்களுக்கும் அரசுகளுக்கும் வழங்குகிறது. 315ஆவது பிரிவின்படி ஒன்றிய அரசுக்கும் மாநிலங்களுக்கும் பணியாளர் தேர்வாணையங்கள் அமைக்கப்படுகின்றன. தேர்வை நடத்துவது அவற்றின் கடமை என்று 320ஆவது பிரிவு கூறுகிறது. இவற்றைத் தவிர ஆசிரியர் தேர்வு வாரியம், சீருடைப் பணியாளர் தேர்வு வாரியம், ரயில்வே தேர்வு வாரியங்கள் எனப் பல அமைப்புகளும் ஆட்சேர்ப்பை நடத்துகின்றன.

பாதிக்கப்பட்ட தேர்வர் 226ஆவது பிரிவின் கீழ் உயர் நீதிமன்றத்தில் ரிட் மனு தாக்கல் செய்யலாம். ஒன்றிய அரசுப் பணிகள் தொடர்பான வழக்குகள் முதலில் மத்திய நிர்வாகத் தீர்ப்பாயத்துக்குச் செல்ல வேண்டும். இத்தீர்ப்பாயம் 1985ஆம் ஆண்டுச் சட்டத்தின்படி அமைந்தது. தீர்ப்பாயத்தின் முடிவை உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வில் எதிர்க்கலாம் என்று 1997இல் எல். சந்திர குமார் வழக்கில் உச்ச நீதிமன்றம் தீர்ப்பளித்தது.

வழக்குகள் எழும் சூழல்கள்

ஆட்சேர்ப்பு வழக்குகளை அவற்றின் காரணத்தைக் கொண்டு ஐந்து வகைகளாகப் பிரிக்கலாம்.

1. விதி சார்ந்தவை: அறிவிக்கையில் இல்லாத நிபந்தனையைப் பின்னர் சேர்த்தல், கல்வித் தகுதியை மாற்றுதல், நேர்முகத் தேர்வுக்குப் புதிதாகக் குறைந்தபட்ச மதிப்பெண் வைத்தல்.
2. மதிப்பீடு சார்ந்தவை: தவறான வினா, தவறான விடைக்குறிப்பு, மதிப்பெண் கூட்டலில் பிழை.
3. இட ஒதுக்கீடு சார்ந்தவை: இனச் சுழற்சியைத் தவறாகப் பின்பற்றுதல், பொதுப் பிரிவில் இடம் பெறத் தகுந்த மதிப்பெண் எடுத்தவரை ஒதுக்கீட்டுப் பிரிவில் வைத்தல்.
4. மோசடி சார்ந்தவை: வினாத்தாள் கசிவு, ஆள்மாறாட்டம், ஓஎம்ஆர் விடைத்தாளில் கைவைத்தல், பணம் பெற்றுக்கொண்டு நியமித்தல்.
5. நியமனம் சார்ந்தவை: பட்டியலில் இல்லாதவரை நியமித்தல், பட்டியல் காலாவதியான பின் நியமித்தல், பின்தங்கியவரை முன்னே கொண்டு வருதல்.

முதல் மூன்று வகைகளில் தவறு பெரும்பாலும் கவனக்குறைவாலோ விதியைப் பிழையாகப் புரிந்துகொண்டதாலோ நேர்கிறது. அதைத் திருத்தினால் பட்டியல் சரியாகிவிடும். கடைசி இரண்டு வகைகளில் தேர்வின் மீதான நம்பிக்கையே கேள்விக்குள்ளாகிறது.

ஆட்டத்தின் நடுவில் விதியை மாற்றலாமா?

ஆந்திரப் பிரதேசத்தில் மாவட்ட நீதிபதிகளைத் தேர்வு செய்தபோது, எழுத்துத் தேர்வும் நேர்முகத் தேர்வும் முடிந்த பிறகு, நேர்முகத் தேர்விலும் குறைந்தபட்ச மதிப்பெண் பெற்றிருக்க வேண்டும் என்ற நிபந்தனை சேர்க்கப்பட்டது. இதனால் முதலில் தேறியிருந்த சிலர் பட்டியலிலிருந்து விழுந்தனர். 2008இல் கே. மஞ்சுஸ்ரீ வழக்கில் உச்ச நீதிமன்றம் இதை ஏற்க மறுத்தது. ஆட்டம் முடிந்த பின் அதன் விதிகளை மாற்றுவதற்கு ஒப்பானது இது என்பதே அத்தீர்ப்பின் சாரம்.

இதற்கு முரண்படுவது போல் தோன்றும் பழைய தீர்ப்பு ஒன்றும் இருந்தது. அரியானாவில் நீதித்துறைப் பணிக்கு 15 காலியிடங்கள் இருந்தன. விதிப்படி 45 விழுக்காடு எடுத்தவர்கள் தகுதி பெற்றாலும், 55 விழுக்காட்டுக்கு மேல் எடுத்த முதல் 7 பேர் மட்டுமே நியமிக்கப்பட்டனர். அடுத்த நிலையில் இருந்தவர்கள் வழக்குத் தொடுத்தனர். 1973இல் சுபாஷ் சந்தர் மர்வாஹா வழக்கில், தரத்தை உயர்த்தும் நோக்கில் அரசு இவ்வாறு செய்யலாம் என்றது உச்ச நீதிமன்றம்.

ராஜஸ்தான் உயர் நீதிமன்றத்தின் மொழிபெயர்ப்பாளர் பணிக்கான தேர்வில் இந்தச் சிக்கல் மீண்டும் வந்தது. 13 பணியிடங்களுக்கான தேர்வு நடந்த பின், 75 விழுக்காடு பெற்றவர்களே தேர்வு செய்யப்படுவார்கள் என்று முடிவெடுக்கப்பட்டதால் 3 பேர் மட்டுமே தேறினர். தேஜ் பிரகாஷ் பதக் வழக்கு எனப்படும் இது, 5 நீதிபதிகள் கொண்ட அரசியல் சாசன அமர்வுக்குச் சென்றது. 2024 நவம்பர் 7 அன்று வந்த தீர்ப்பு பின்வருவனவற்றைத் தெளிவுபடுத்தியது.

- ஆட்சேர்ப்பு, விண்ணப்பங்களைக் கோரும் அறிவிக்கையுடன் தொடங்கி, காலியிடங்கள் நிரப்பப்படுவதுடன் முடிகிறது.
- தொடக்கத்தில் அறிவித்த தகுதி நிபந்தனைகளை இடையில் மாற்றக் கூடாது. பணி விதிகளோ அறிவிக்கையோ மாற்றத்துக்கு இடமளித்தால் மட்டுமே மாற்றலாம். அப்போதும் அந்த மாற்றம் தன்னிச்சையானதாக இருக்கக் கூடாது.
- தேர்வு அமைப்புகள் தமக்கு ஏற்ற தேர்வு முறையை வகுத்துக்கொள்ளலாம். அது வெளிப்படையாகவும் பாகுபாடின்றியும் இருக்க வேண்டும்.
- மஞ்சுஸ்ரீ தீர்ப்பும் மர்வாஹா தீர்ப்பும் ஒன்றுக்கொன்று முரணானவை அல்ல. முன்னது தேர்வுப் பட்டியலில் இடம்பெறும் உரிமையைப் பற்றியது. பின்னது பட்டியலில் இடம்பெற்றவர் நியமனம் கோரும் உரிமையைப் பற்றியது.

பட்டியலில் பெயர் வந்தால் வேலை உறுதியா?

தேர்வுப் பட்டியலில் பெயர் வந்துவிட்டால் வேலை கைக்கு வந்துவிட்டது என்று பலர் எண்ணுகின்றனர். சட்டம் அவ்வாறு கருதுவதில்லை. 1991இல் சங்கர்சன் தாஷ் வழக்கில் உச்ச நீதிமன்றத்தின் அரசியல் சாசன அமர்வு இதை விளக்கியது. பட்டியலில் இடம்பெறுவது, நியமிக்கப்படுவதற்கான அசைக்க முடியாத உரிமையைத் தருவதில்லை. தக்க காரணம் இருந்தால் காலியிடங்களை நிரப்பாமல் விட அரசுக்கு அதிகாரம் உண்டு.

எனினும் அந்த அதிகாரத்தை விருப்பம் போல் பயன்படுத்த முடியாது. இடம் காலியாக இருக்கும்போது, பட்டியலில் உள்ளவரைக் காரணமின்றி ஒதுக்கக் கூடாது. நீதிமன்றம் கேட்டால், நிரப்பாமல் விட்டதற்கான காரணத்தை அரசுதான் காட்ட வேண்டும்.

விடைக்குறிப்பு வழக்குகள்

கொள்குறி வகைத் தேர்வுகளில் ஒரு மதிப்பெண் வேறுபாட்டில் நூற்றுக்கணக்கானோர் இருப்பார்கள். ஆகவே ஒரே ஒரு தவறான விடைக்குறிப்பு தரவரிசையைத் தலைகீழாக மாற்றிவிடும். தேர்வாணையங்கள் முதலில் உத்தேச விடைக்குறிப்பை வெளியிட்டு, தேர்வர்களின் ஆட்சேபங்களைப் பெற்று, பாட வல்லுநர்களைக் கொண்டு ஆராய்ந்து, இறுதி விடைக்குறிப்பை வெளியிடுவது இதனால்தான்.

இதில் நீதிமன்றங்கள் பெரிதும் தயக்கம் காட்டுகின்றன. 1983இல் கான்பூர் பல்கலைக்கழகம் தொடர்பான வழக்கில் உச்ச நீதிமன்றம் ஓர் அளவுகோலை வகுத்தது. விடைக்குறிப்பு சரியானது என்றே முதலில் கொள்ள வேண்டும். அத்துறையில் தேர்ந்த எவரும் ஏற்க முடியாத அளவுக்கு அது தவறானது என்று தெளிவாக நிறுவினால் மட்டுமே நீதிமன்றம் தலையிடும். நீண்ட வாதங்களுக்குப் பிறகே தவறு தென்படும் என்றால் அது போதாது.

உத்தரப் பிரதேச ஆசிரியர் தேர்வு தொடர்பான ரண் விஜய் சிங் வழக்கில் 2017 டிசம்பரில் வந்த தீர்ப்பு இதை மேலும் இறுக்கியது. மறுமதிப்பீட்டுக்கு விதியில் இடமில்லை எனில், மிக அரிதான சூழல்களில் மட்டுமே நீதிமன்றம் அதற்கு உத்தரவிடலாம். நீதிபதிகள் தாங்களே வினாக்களுக்கு விடை தேடக் கூடாது. ஐயம் எழுந்தால் அதன் பலன் தேர்வு அமைப்புக்கே செல்லும். ஒரு தேர்வு பல ஆண்டுகள் வழக்கில் கிடந்தால், மனுதாரர் மட்டுமன்றித் தேறியவர்கள் எல்லாரும் நிச்சயமின்மையில் வாட நேர்கிறது என்பது இதற்கு நீதிமன்றம் காட்டிய காரணங்களுள் ஒன்று.

முழுத் தேர்வும் ரத்தாகுமா?

மோசடி நடந்த தேர்வுகளில் நீதிமன்றம் முதலில் ஆராய்வது, களங்கப்பட்டவர்களையும் களங்கமற்றவர்களையும் பிரிக்க முடியுமா என்பதையே. அரிசியில் கல் கலந்திருந்தால் பொறுக்கி எறிந்துவிட்டு உலை வைக்கலாம். மாவில் மண் கலந்துவிட்டால் முழுவதையும் கொட்டத்தான் வேண்டும். முறைகேடு எந்த வகையைச் சேர்ந்தது என்பதைப் பொறுத்தே தீர்ப்பும் அமைகிறது.

சிபிஐ அமைப்பில் 134 காவலர் பணியிடங்களுக்கு நடந்த தேர்வு முதல் வகைக்கு எடுத்துக்காட்டு. புகார்களை ஆராய்ந்த குழு, தகுதியற்ற 31 பேர் பட்டியலில் இடம்பெற்றிருப்பதைக் கண்டது. அவர்கள் யார் என்பதும் தெளிவாகவே தெரிந்தது. ஆயினும் நிர்வாகம் முழுப் பட்டியலையும் ரத்து செய்தது. 2003இல் உச்ச நீதிமன்றம் இதைத் தவறு என்றது. 31 பேரை அடையாளம் காண முடிந்த பிறகு, குற்றமற்ற மற்றவர்களையும் தண்டிப்பது பொருந்தாத நடவடிக்கை என்பது அதன் முடிவு.

பஞ்சாப் பணியாளர் தேர்வாணையத்தின் தலைவர் 2002இல் ஊழல் புகாரில் கைது செய்யப்பட்ட பின், அவர் காலத்துத் தேர்வுகளை மாநில அரசு ரத்து செய்தது. 2006இல் இந்தர்பிரீத் சிங் காலோன் வழக்கில், தலைவர் ஊழல் செய்தார் என்பதால் தேர்வானவர்கள் அனைவரும் ஊழல்வாதிகள் ஆகிவிடமாட்டார்கள் என்று உச்ச நீதிமன்றம் கருதியது. பிரித்தறியும் முயற்சியை மேற்கொள்ளுமாறு வழக்கை உயர் நீதிமன்றத்துக்கே திருப்பி அனுப்பியது.

தில்லி அரசின் தலைமை எழுத்தர் தேர்வு தொடர்பான சச்சின் குமார் வழக்கு இரண்டாம் வகையைச் சேர்ந்தது. 2021 மார்ச்சில் வந்த தீர்ப்பு, தேர்வை ரத்து செய்த அரசின் முடிவை ஏற்றது. முறைகேடு தேர்வு அமைப்பு முழுவதும் பரவியிருந்தால், சிலரை மட்டும் அடையாளம் கண்டிருப்பது தேர்வைக் காப்பாற்றாது என்று அது கூறியது.

மேற்கு வங்க ஆசிரியர் நியமன வழக்கு

அண்மைக் காலத்தின் மிகப் பெரிய ஆட்சேர்ப்பு வழக்கு மேற்கு வங்கத்தில் எழுந்தது. அம்மாநிலப் பள்ளிப் பணி ஆணையம் 2016ஆம் ஆண்டின் மாநில அளவிலான தேர்வுக்கு அறிவிக்கை வெளியிட்டது. 9, 10 வகுப்புகளுக்கு 12,905 ஆசிரியர்கள், 11, 12 வகுப்புகளுக்கு 5,712 ஆசிரியர்கள், சி பிரிவில் 2,067 ஊழியர்கள், டி பிரிவில் 3,956 ஊழியர்கள் என மொத்தம் 24,640 இடங்கள். ஏறத்தாழ 23 லட்சம் பேர் தேர்வு எழுதினர். ஆனால் வழங்கப்பட்ட நியமனங்களோ 25,753. அறிவித்த இடங்களைவிட நியமனங்கள் கூடுதலாக இருந்ததே முறைகேட்டின் வெளிப்படையான அடையாளம்.

தரவரிசையில் முன்னே இருந்தும் வேலை கிடைக்காதவர்கள் கொல்கத்தா உயர் நீதிமன்றத்தை நாடினர். கொல்கத்தாவின் காந்தி சிலை அருகே அவர்கள் நடத்திய அமர்வுப் போராட்டம் 2023 டிசம்பரில் 1,000 நாள்களைத் தாண்டியது. உயர் நீதிமன்றம் சிபிஐ விசாரணைக்கு உத்தரவிட்டது. தேர்வு நடந்த காலத்தில் கல்வி அமைச்சராக இருந்த பார்த்தா சட்டர்ஜியை 2022 ஜூலையில் அமலாக்கத் துறை கைது செய்தது. அந்தக் குற்ற வழக்கு வேறு. நியமனங்கள் செல்லுமா என்ற வழக்கு வேறு. இரண்டும் தனித்தனியே நடந்தன.

விசாரணையில் வெளிவந்த முறைகேடுகள் பல வகையின. ஓஎம்ஆர் தாளில் எதையும் நிரப்பாதவர்களுக்கு மதிப்பெண் கிடைத்திருந்தது. தாளில் உள்ள மதிப்பெண்ணும் ஆணையத்தின் கணினியில் உள்ள மதிப்பெண்ணும் பொருந்தவில்லை. பின்தங்கியவர்கள் முன்னால் இருந்தவர்களைத் தாண்டி நியமனம் பெற்றிருந்தனர். பட்டியலிலேயே இல்லாதவர்களும், பட்டியல் காலாவதியான பின் வந்தவர்களும் பணியில் சேர்ந்திருந்தனர்.

யார் நேர்மையானவர், யார் அல்லர் என்று பிரிக்க மூல விடைத்தாள்கள் வேண்டும். அவை அழிக்கப்பட்டுவிட்டன. ஸ்கேன் செய்த நகல்களையும் ஆணையம் தன்னிடம் வைத்திருக்கவில்லை. ஸ்கேன் பணியில் ஈடுபட்ட நிறுவனத்தின் முன்னாள் ஊழியர் ஒருவரிடமிருந்து சிபிஐ கைப்பற்றிய 3 வன்தட்டுகளில் இருந்த தரவுகளே எஞ்சின. பிரித்தறிய உதவியிருக்க வேண்டிய ஆவணமே காணாமல் போனதுதான் இவ்வழக்கின் போக்கைத் தீர்மானித்தது.

2024 ஏப்ரல் 22 அன்று கொல்கத்தா உயர் நீதிமன்றத்தின் இரு நீதிபதிகள் அமர்வு நான்கு பிரிவுகளின் நியமனங்கள் அனைத்தையும் ரத்து செய்தது. வெற்றுத் தாள் கொடுத்து வேலை பெற்றவர்களும், பட்டியலுக்கு வெளியிலிருந்தோ பட்டியல் காலாவதியான பின்போ நியமிக்கப்பட்டவர்களும் தாம் பெற்ற ஊதியத்தை 12 விழுக்காடு வட்டியுடன் திருப்பித் தர வேண்டும் என்றது. 2024 மே மாதம் உச்ச நீதிமன்றம் அதற்கு இடைக்காலத் தடை விதித்தது. 2025 ஏப்ரல் 3 அன்று தலைமை நீதிபதி சஞ்சீவ் கன்னா, நீதிபதி சஞ்சய் குமார் அமர்வு இறுதித் தீர்ப்பு வழங்கி, ரத்து செய்த முடிவை உறுதிப்படுத்தியது. முறைகேடும் அதை மறைக்க நடந்த முயற்சியும் சேர்ந்து, சீராக்க முடியாத அளவுக்குத் தேர்வைக் கெடுத்துவிட்டன என்று அது கூறியது.

எனினும் உச்ச நீதிமன்றம் எல்லாரையும் ஒரே தட்டில் வைக்கவில்லை.

- களங்கப்பட்டவர்கள் என்று அடையாளம் காணப்பட்டோர் ஊதியத்தைத் திருப்பித் தர வேண்டும்.
- அவ்வாறு அடையாளம் காணப்படாதோர் வேலையை இழப்பர். ஆனால் ஊதியத்தைத் திருப்பித் தர வேண்டியதில்லை.
- முன்பு வேறு அரசுத் துறையில் பணியாற்றி, அதை விட்டுவிட்டு இப்பணிக்கு வந்த களங்கமற்றவர்கள் பழைய துறைக்குத் திரும்ப விண்ணப்பிக்கலாம்.
- களங்கமற்ற மாற்றுத்திறனாளிகள் புதிய தேர்வு முடியும் வரை ஊதியம் பெறலாம்.
- களங்கமற்றவர்களுக்குப் புதிய தேர்வில் வயது வரம்பில் சலுகை உண்டு.

ஒரே நாளில் ஆயிரக்கணக்கான ஆசிரியர்கள் வெளியேறினால் பள்ளிகள் நின்றுவிடும் என்று மாநில அரசு முறையிட்டது. இதனால், 9 முதல் 12 வரையிலான வகுப்புகளின் களங்கமற்ற ஆசிரியர்கள் 2025 டிசம்பர் 31 வரை தொடர 2025 ஏப்ரல் 17 அன்று அனுமதி கிடைத்தது. சி, டி பிரிவு ஊழியர்களுக்கு அச்சலுகை கிடைக்கவில்லை. புதிய ஆசிரியர் தேர்வு 2025 செப்டம்பர் 7, 14 ஆகிய நாள்களில் நடைபெற்றது. அதற்குச் சற்று முன், களங்கப்பட்டவர்கள் எனக் கண்டறியப்பட்ட 1,800க்கும் மேற்பட்ட ஆசிரியர்களின் பட்டியலை ஆணையம் வெளியிட்டது.

இத்தீர்ப்பின் மறுபக்கமும் எண்ணிப் பார்க்க வேண்டியது. நேர்மையாகத் தேறிப் பல ஆண்டுகள் வகுப்பறையில் நின்றவர்கள், குடும்பமும் கடனும் ஏற்பட்ட வயதில், இளையவர்களோடு போட்டியிட்டு மீண்டும் தேர்வு எழுத நேர்ந்தது. அவர்கள் செய்த தவறு எதுவும் இல்லை. அதே வேளையில், 2016இல் தேறியும் இடம் பறிபோய்த் தெருவில் அமர்ந்தவர்களும் எந்தத் தவறும் செய்யவில்லை. இழந்த அந்த ஆண்டுகளை எந்தத் தீர்ப்பும் இரு தரப்பாருக்கும் திருப்பித் தர இயலாது.

தமிழ்நாட்டில் இரு நிகழ்வுகள்

பிரிக்க முடியுமா என்ற கேள்வி தமிழ்நாட்டிலும் எழுந்துள்ளது. இங்குள்ள இரு நிகழ்வுகளில் தேர்வு அமைப்புகள் இருவேறு முடிவுகளை எடுத்தன.

அரசு பாலிடெக்னிக் விரிவுரையாளர் பணியிடங்கள் 1,058க்கு ஆசிரியர் தேர்வு வாரியம் 2017 செப்டம்பரில் தேர்வு நடத்தியது. 196 பேரின் மதிப்பெண்கள் ஓஎம்ஆர் தாளில் உள்ளதைவிட உயர்த்தப்பட்டிருந்தது தெரியவந்தது. 2018 பிப்ரவரியில் வாரியம் அத்தேர்வை முழுமையாக ரத்து செய்தது. அந்த 196 பேர் அடையாளம் காணப்பட்ட நிலையில், மற்றவர்களின் தேர்வையும் ஏன் ரத்து செய்ய வேண்டும் என்று தேர்வர்கள் கேட்டனர்.

தமிழ்நாடு அரசுப் பணியாளர் தேர்வாணையம் 2019 செப்டம்பர் 1 அன்று நடத்திய குரூப் 4 தேர்வில், ராமேசுவரம், கீழக்கரை மையங்களில் எழுதிய பலர் தரவரிசையின் முன்னிடங்களில் வந்தது ஐயத்தை எழுப்பியது. சில மணி நேரத்தில் அழிந்துபோகும் மையால் விடைகள் குறிக்கப்பட்டு, பின்னர் சரியான விடைகள் நிரப்பப்பட்டது விசாரணையில் தெரிந்தது. 2020 ஜனவரியில் 99 பேர் வாழ்நாள் முழுவதும் தேர்வாணையத் தேர்வுகளை எழுதத் தடை விதிக்கப்பட்டது. முறைகேடு அந்த மையங்களோடு நின்றதாக ஆணையம் கூறியதால் தேர்வு ரத்தாகவில்லை. மாநிலம் முழுவதும் தேர்வெழுதிய லட்சக்கணக்கானோர் மீண்டும் எழுதும் நிலை தவிர்க்கப்பட்டது.

வழக்குத் தொடுப்போர் அறிய வேண்டியவை

ஆட்சேர்ப்பு வழக்குகள் பல, சாரத்தில் நியாயம் இருந்தும் நடைமுறைக் காரணங்களால் தோற்கின்றன. தேர்வர்கள் கவனிக்க வேண்டியவை பின்வருமாறு.

காலம்: அறிவிக்கையில் குறை இருந்தால் தேர்வுக்கு முன்பே எதிர்க்க வேண்டும். தேர்வை எழுதி, தோற்ற பின் அதன் முறையைக் குறை கூற முடியாது என்று 1995இல் மதன் லால் வழக்கில் உச்ச நீதிமன்றம் கூறியது. ஆனால் விதிக்குப் புறம்பான செயல் தேர்வின் போக்கில் நடந்திருந்தால், பங்கேற்றது ஒன்றே தடையாகாது என்று 2019இல் மீதா சகாய் வழக்கில் விளக்கம் தந்தது.

எதிர்மனுதாரர்கள்: தேறியவர்களின் நியமனத்தை ரத்து செய்யக் கோரும்போது, அவர்களுள் சிலரையாவது வழக்கில் சேர்க்க வேண்டும். பாதிக்கப்படக்கூடியவரின் தரப்பைக் கேளாமல் உத்தரவிட முடியாது.

ஆவணம்: அறிவிக்கை, நுழைவுச் சீட்டு, ஓஎம்ஆர் தாளின் நகல், உத்தேச விடைக்குறிப்பு, அதற்கு அனுப்பிய ஆட்சேபம் ஆகியவற்றைப் பத்திரமாக வைத்திருக்க வேண்டும். தேர்வர் தம் மதிப்பிடப்பட்ட விடைத்தாளைத் தகவல் அறியும் உரிமைச் சட்டத்தின்படி பார்க்கலாம் என்று 2011இல் ஆதித்ய பந்தோபாத்யாய் வழக்கில் தீர்ப்பு வந்தது. குடிமைப் பணித் தேர்வைப் பொறுத்தவரை 2018இல் மற்றொரு தீர்ப்பு இந்த உரிமைக்குச் சில வரம்புகளை விதித்தது.

கோரிக்கை: முழுத் தேர்வையும் ரத்து செய்யக் கோருவதைவிட, தமக்கு நேர்ந்த குறிப்பிட்ட தவறைச் சுட்டி, அதைத் திருத்தக் கோருவது பெரும்பாலும் பலன் தரும்.

2024ஆம் ஆண்டுச் சட்டம்

பொதுத் தேர்வுகள் முறைகேடு தடுப்புச் சட்டம் 2024 ஜூன் 21 முதல் நடைமுறைக்கு வந்தது. ஒன்றியப் பணியாளர் தேர்வாணையம், பணியாளர் தேர்வு ஆணையம், ரயில்வே தேர்வு வாரியங்கள், வங்கிப் பணியாளர் தேர்வு நிறுவனம், தேசியத் தேர்வு முகமை ஆகியவை நடத்தும் தேர்வுகள் இதன் வரம்பில் வருகின்றன. வினாத்தாளைக் கசியவிடுதல், விடைத்தாளில் கைவைத்தல், கணினி அமைப்பில் ஊடுருவுதல் போன்றவற்றுக்கு 3 முதல் 5 ஆண்டுகள் வரை சிறையும் 10 லட்சம் ரூபாய் வரை அபராதமும் விதிக்கலாம். திட்டமிட்ட கும்பலாகச் செய்தால் 5 முதல் 10 ஆண்டுகள் வரை சிறையும் குறைந்தது 1 கோடி ரூபாய் அபராதமும் உண்டு.

இச்சட்டம் குற்றவாளிகளைத் தண்டிக்கிறது. கெட்டுப்போன தேர்வில் சிக்கிய நேர்மையானவர்களுக்கு என்ன நிவாரணம் என்பதற்கு, முன்போலவே நீதிமன்றத் தீர்ப்புகளே வழிகாட்டுகின்றன.

முடிவுரை

மேற்கண்ட தீர்ப்புகளை ஒருசேரப் பார்த்தால் ஒன்று விளங்கும். நேர்மையான தேர்வரின் வேலையைக் காப்பாற்றுவது அவரது மதிப்பெண் மட்டும் அன்று; அந்த மதிப்பெண்ணை மெய்ப்பிக்கும் ஆவணமும் ஆகும். சிபிஐ காவலர் தேர்வில் ஆவணங்கள் இருந்ததால் 31 பேரை நீக்கி மற்றவர்களைக் காக்க முடிந்தது. மேற்கு வங்கத்தில் அவை அழிந்ததால் நல்லவர்களும் வெளியேற நேர்ந்தது. ஆகவே விடைத்தாள்களை வழக்குகள் முடியும் வரை பாதுகாத்தல், ஒவ்வொரு தேர்வருக்கும் அவரது ஓஎம்ஆர் நகலை வழங்குதல், மதிப்பெண்களையும் தரவரிசையையும் முழுமையாக வெளியிடுதல் ஆகியவற்றைத் தேர்வு அமைப்புகள் வெறும் அலுவலகப் பணிகளாகக் கருதக் கூடாது. பல ஆண்டுகள் படித்துத் தேர்வு எழுதும் இளைஞருக்குச் சம வாய்ப்பு என்ற அரசியலமைப்பு வாக்குறுதி, நடைமுறையில் அந்தத் தாள்களாகவே கைக்கு வந்து சேர்கிறது.